ஐம்பத்தைந்து கிலோவுக்குக் கீழே

எங்கள் தங்கவயலில் முதன்முதலாக ஆணழகன் போட்டி நடத்தியவர் என் தாய்மாமா. அவருக்கு உடம்பென்று சொல்லிக்கொள்ள ஒன்றும் கிடையாது. சட்டையை ஹேங்கரில் மாட்டினாலும் மாமா மேல் மாட்டினாலும் ஒரே மாதிரிதான் தொங்கும். தினம் ரயிலேறி பெங்களூருக்கு வேலைக்குப் போய்வருவார். ஞாயிற்றுக்கிழமையானால் ஸ்கெலட்டன், நந்திதுர்க் என்று ஒவ்வொரு சுரங்கக் குடியிருப்பிலும் வீடு வீடாக ஏறி, "பையன ஒரு தபா மேடையேத்திப் பாருங்க" என்று கெஞ்சுவார். பிள்ளை ஜட்டியோடு ஊர் முன்னால் நிற்பதா என்று கதவைச் சாத்தியவர்களே அதிகம்.

போட்டியன்று ஆண்டர்சன்பேட்டை ஹாலில் சிக்கல். ஐம்பத்தைந்து கிலோவுக்குக் கீழான பிரிவுக்கு வரவேண்டிய மூவரில் ஒருவன் பெங்களூரில் ஓவர்டைமில் மாட்டிக்கொண்டான். மூன்று பேர் இல்லாவிட்டால் பிரிவு ரத்து. விதியைப் போட்டவரும் மாமாதான்.

மிச்சமிருந்த இருவரில், ஸ்கெலட்டன் குடியிருப்பிலிருந்து வந்த அண்ணன் வருஷம் முழுக்க முட்டையும் வேர்க்கடலையுமாகத் தின்று உடம்பேற்றியவர். இந்தக் கூத்தைப் பார்க்கவே மாட்டேன் என்றிருந்த அவருடைய அப்பா, அன்று அதிசயமாக முன்வரிசையில் வந்து உட்கார்ந்திருந்தார். ரத்து என்றதும் அண்ணன், பூசிய எண்ணெயோடு படிக்கட்டில் சரிந்துவிட்டார்.

"ரூல நீதானே போட்ட, நீயே எடுத்துடேன்" என்றாள் அம்மா.

"நானே மீறுனா நாளைக்கு எவன்க்கா மதிப்பான்?" என்ற மாமாவின் பார்வை, முறுக்கு தின்றுகொண்டிருந்த என்மேல் வந்து நின்றது. "இவனும் அம்பத்தஞ்சுக்குக் கீழதானே?"

எனக்கு ஒன்பது வயது. எடை மெஷினின் முள் என்னை ஒரு பொருட்டாகவே மதிக்கவில்லை.

"இன்னாடா இது, எலிக்குஞ்சுக்கா எண்ண தடவுற?" என்று அம்மா தலையிலடித்துக்கொண்டாள்.

மாமா தடவிக்கொண்டே, "மூச்சப் புடிச்சுக்கோ. விட்டா எலும்பு தெரியும்" என்றார். பிடித்தபோதுதான் எல்லா எலும்பும் தெரிந்தது.

மேடையில் இரண்டு சுரங்க மண்மேடுகளுக்கு நடுவே முளைத்த புல் மாதிரி நின்றேன். கையை மடக்கிக் காட்டினேன். கை மடங்கியது, அவ்வளவுதான். ஹால் அதிர்ந்தது. விறைப்பாக உட்கார்ந்திருந்த அந்த அப்பாகூடச் சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். எனக்கு இத்தனை ரசிகர்கள் இருப்பது அதுவரை தெரியாது. மூன்றாம் பரிசும் வாங்கினேன். நடுவர் ஓரவஞ்சனை செய்யாதிருந்தால் இரண்டாவது வந்திருப்பேன் என்று வெகுநாள் நம்பினேன்.

ஸ்கெலட்டன் அண்ணன்தான் முதல். பேரைச் சொன்னதும் அவருடைய அப்பா எழுந்து நின்று கைதட்டினார். மேடையிலிருந்து இறங்கிய அண்ணன் என்னைத் தூக்கிக் கட்டிக்கொண்டார். கண்ணெல்லாம் தண்ணீர்.

"உன்னாலதான்டா தம்பி. நீ மட்டும் ஏறலன்னா..."

பாவம், மனுஷனுக்கு எவ்வளவு கடுமையான போட்டியைக் கொடுத்துவிட்டோம் என்று எனக்கே சங்கடமாகிவிட்டது. வழுக்கிய அவர் தோளைத் தட்டிக்கொடுத்தேன்.

"அழாதண்ணா. அடுத்த வருஷம் நான் கொஞ்சம் விட்டுக்குடுக்கறேன்."