சித்லாலியைச் சித்தியாக்கியவர்கள்

போன மாதம் ஈப்போவில் ஒரு பெயர்சூட்டு விழாவுக்குப் போயிருந்தேன். கணவர் வழியில் தூரத்து உறவு. குழந்தைக்கு இன்னும் தலை நிற்கவில்லை. அதற்குள் கல்யாணத்துக்கு எடுக்கிற மண்டபம், பலூன் வளைவு, புகை கக்கும் இயந்திரம். பெயரை ஒரு பெரிய அட்டையில் எழுதித் துணியால் மூடி வைத்திருந்தார்கள். திறந்தார்கள். சித்லாலி.

மைக் பிடித்த பையன் கைபேசியைப் பார்த்து வாசித்தான். இது மெக்சிகோவின் பூர்வகுடிகள் பேசும் நாவாட்டல் மொழிப் பெயராம், நட்சத்திரம் என்று பொருளாம், எண் கணிதப்படியும் யோகமாம். ஒரே கைதட்டல். தகப்பன்காரன் முகத்தில் மெக்சிகோவையே தான் கண்டுபிடித்த களை. பெயர் தேடிக் கொடுத்த எண்கணித நிபுணருக்கு மேடையில் பொன்னாடை வேறு.

பக்கத்தில் இருந்த பெண் என் பக்கம் சாய்ந்து, “மலேசியாவுலேயே இந்தப் பேரு இவளுக்குத்தான் மொதல்லயாம், ஆன்ட்டி,” என்றாள். ஆமாம்மா என்று சொல்லிவிட்டுக் கேசரியைச் சாப்பிட்டேன். கேசரி நன்றாக இருந்தது. அதில் மட்டும் குறை சொல்ல மாட்டேன்.

அந்தப் பெண்ணின் பட்டுச் சேலையிலிருந்து அந்துருண்டை வாசனை வந்தது. எனக்கு அந்த வாசனை பட்டால் போதும், எண்பதுகளின் தொடக்கத்தில் ஈப்போவில் நான் வேலை பார்த்த துணிக்கடைக்குப் போய்விடுவேன். மாடியில் சேலைக் கிடங்கு, மூட்டைக்கு மூட்டை அந்துருண்டை. அங்கேதான் நானும் சித்லாலியும் மத்தியானச் சாப்பாடு சாப்பிடுவோம். ஆமாம், சித்லாலிதான். நானறிய முதல் சித்லாலிக்கு இப்போது அறுபதைத் தாண்டிவிட்டது. மேடையில் சொல்லியிருக்கலாம். ஆனால் அவ்வளவு பொன்னாடைக்கு நடுவில் என் பேச்சு எடுபடாது.

அவள் சித்தியவான் பக்கம் ஒரு ரப்பர் தோட்டத்துப் பெண். நானும் தோட்டத்துக்காரிதான், சுங்கை சிப்புட் பக்கம். என் பெயரில் எங்கள் லயத்து வீட்டு வரிசையில் நான்கு பேர் இருந்தோம். நெட்டை, குட்டை, கறுப்பு என்று அடைமொழி போட்டுப் பிரித்தார்கள். எனக்குக் கிடைத்த அடைமொழியை இங்கே சொல்வதாக இல்லை. அப்படி இருந்தவளுக்குச் சித்லாலி என்றால் எப்படி இருக்கும்? முதல் நாள் அவள் சொன்னபோது, ஏதோ சாமிக்குப் பாடுகிற லாலி என்றுதான் நினைத்துக்கொண்டேன்.

கடையில் எல்லோருக்கும் பெயர் வில்லை உண்டு. முதலாளி அடையாளக் கார்டைப் பார்த்து அப்படியே அடித்துக் கொடுத்துவிட்டார். அவள் வில்லையில் இருந்தது ‘சித்தி லாலி’. சித்தி என்பது மலாய் முஸ்லிம் பெண்களுக்கு வைக்கிற பெயர். நோன்பு மாதத்தில் ஒரு நாள் இவள் கல்லாவுக்குப் பின்னால் குனிந்து வாழைப்பழத்தைப் பொரித்த பிசாங் கோரேங் தின்றுகொண்டிருந்தாள். துணி வாங்க வந்த மலாய்க்காரம்மா ஒருவர் வில்லையைப் பார்த்துவிட்டு, என்ன சித்தி நோன்பு இல்லையா என்று மெதுவாகக் கேட்டார். இவள் வாயில் வாழைப்பழத்தோடு தான் இந்து என்று விளக்க, அந்தம்மா சிரித்துவிட்டுப் போனார். நம் ஆட்கள் அப்படி விடுவார்களா? மீசை நரைத்த கிழங்கள்கூட, “சித்தி, சித்தப்பா சௌக்கியமா?” என்று கேட்டுவிட்டுத் தாங்களே சிரித்துக்கொள்வார்கள். வாரத்துக்கு ஒருவனாவது இதைத் தானே புதிதாகக் கண்டுபிடித்ததுபோல் சொல்வான். மனிதனுக்கு எவ்வளவு சின்ன மூளை போதுமாயிருக்கிறது என்று நான் கற்றுக்கொண்டது அந்தக் கடையில்தான்.

இந்தச் சித்தி வந்தது தோட்டத்துக் கணக்கெழுதும் கிராணியால். அவள் அப்பா வேலாயுதம் வாலிபத்தில் பால்வெட்டு பிடிக்காமல் பினாங்குக்கு ஓடி, அங்கிருந்து சரக்குக் கப்பலில் இயந்திரத்துக்கு எண்ணெய் போடுகிறவராகப் போனவர். கல்யாணத்துக்குப் பிறகும் கப்பல்தான். சித்லாலி பிறந்தபோது லீவில் வந்திருந்தார். பதிவுக்குச் சீட்டு எழுதுகிறவர் கிராணி. வேலாயுதம் பெயரைச் சொன்னார். எழுத்து எழுத்தாகவும் சொன்னார். கிராணி பேனாவை மூடி வைத்துவிட்டு, தோட்டத்துக்காரனுக்கு இந்த மாதிரிப் பெயரெல்லாம் எதற்கு என்று கேட்டாராம். அப்புறம் சித்தி லாலி என்று எழுதிக் கொடுத்துவிட்டார். வேலாயுதம் திருத்தச் சொன்னதற்கு, எனக்குத் தெரியாத இங்கிலீஷா என்றாராம். அது இங்கிலீஷே இல்லை என்பதுகூட அந்த மேதைக்குத் தெரியவில்லை. எட்டாவது வரை படித்துவிட்டு ஒரு தலைமுறைக்கே பெயர் எழுதிய ஆள். எங்கள் பக்கத்திலும் அப்படி ஒருவர் இருந்தார். அவர் கைபட்டு ராஜம்மாள்கள் ராஜாமாலானார்கள், தங்கவேலுகள் தங்காவேலானார்கள். செத்த பிறகு அவர் பெயரைக் கல்லறையில் ஒரு எழுத்துப் பிசகாமல் வெட்டியிருந்தார்கள். அதில்தான் எனக்கு வருத்தம்.

கிராணியோடு போயிருந்தாலும் பரவாயில்லை. கிராணியின் மனைவி, அந்தப் பெயர் மெக்சிகோவில் வேலாயுதம் வைத்திருந்த பெண்ணின் பெயர் என்று கொளுத்திப் போட்டாள். பிள்ளைகளை விட்டுப் போகிற ஆயாக் கொட்டகையில் ஆரம்பித்துக் கோயில் வரை போயிற்று. வேலாயுதம் அடுத்த கப்பலுக்குப் போய்விட்டார். கேட்டுக்கொண்டு தோட்டத்தில் இருந்தவள் அஞ்சலைதான், சித்லாலியின் அம்மா. விடிகாலையில் பால்மரம் வெட்டப் போகிற பெண். எதிர்த்துப் பேசத் தெரியாது. அவள் செய்தது ஒன்றே ஒன்று. மகளை அந்தப் பெயரால் ஒருநாளும் கூப்பிடவில்லை. பாப்பாதான். ஈப்போவில் வேலைக்கு வந்த பிறகும் பாப்பாதான்.

“எங்கம்மா எம் பேரச் சொல்லி நான் கேட்டதே இல்லலா,” என்று ஒருநாள் சாப்பாட்டுப் பெட்டியை மூடிக்கொண்டே சொன்னாள். அழுகையெல்லாம் இல்லை. பருப்பில் உப்பு இல்லை என்பதுபோல் சொன்னாள்.

அப்புறம் மாப்பிள்ளை வந்தான். குணசேகரன், தைப்பிங்கில் ஏதோ அலுவலகத்தில் குமாஸ்தா. ஜாதகம் பொருந்தியது. பெண் பார்க்க வருகிறார்கள், நீயும் கூட வா என்று என்னை இழுத்துக்கொண்டு போனாள். பேருந்தில் வழியெல்லாம் முடிந்த பூவை மடியில் வைத்துக்கொண்டு வந்தாள். வேலாயுதம் அதற்குள் கப்பலை விட்டுவிட்டு லூமுட் படகுத்துறையில் இயந்திரம் பழுதுபார்த்துக்கொண்டிருந்தார். அஞ்சலை இன்னும் மரம் வெட்டியதால் வீடு தோட்டத்து லயத்திலேயே இருந்தது.

மாப்பிள்ளையைப் பற்றிச் சொல்ல ஒன்றும் இல்லை. வந்தான், உட்கார்ந்தான், முறுக்கு தின்றான். பேசியதெல்லாம் அவன் தாய்மாமா சபாபதி. கோயில் கமிட்டித் தலைவர், சாலைக் குத்தகைக்காரர். மூன்று விரலில் மோதிரம். காப்பி டம்ளரை எடுக்கும்போதுகூட மோதிரம் தெரிகிற மாதிரி எடுப்பார். எந்த வீட்டில் நுழைந்தாலும் அங்கே இருப்பதில் பாதியை மாற்றச் சொல்லாமல் வெளியே வராத ஆள். நாட்காட்டி மாட்டியிருக்கும் திசை சரியில்லை என்றார். அப்புறம் பெண்ணின் பெயருக்கு வந்தார்.

“வாயில நொழையலியே. ஐசி கார்டுல வேற சித்தின்னு இருக்கு. கல்யாணம் பதியப் போனா பொண்ணு என்ன மதம்னு கேப்பான். சுசீலான்னு மாத்திடலாம். பத்திரிகைக்கு நான் அச்சாபீசுல சொல்லிட்டேன்.”

சொல்லிட்டேன் என்றார், சொல்லலாமா என்று கேட்கவில்லை. சித்லாலி காப்பித் தட்டோடு கதவருகில் நின்றுகொண்டிருந்தாள். மாப்பிள்ளை அடுத்த முறுக்கை எடுத்தான்.

வேலாயுதம் பொறுமையாகத்தான் பேசினார். கப்பல் பழுதாகி மெக்சிகோவில் ஒரு துறைமுகத்தில் வாரக்கணக்கில் நின்றதாம். துறைமுக வாசலில் ஒருத்தி சோள ரொட்டி சுட்டு விற்பாள். பார்க்க நம் தோட்டத்துப் பெண் மாதிரியே இருப்பாள், அதே நிறம், அதே பின்னல். அவளுக்கு ஒரு சின்ன மகள். மாதா கோயிலில் வைத்த பெயர் மரியா. துறைமுகத்து அதிகாரிகள் அப்படித்தான் கூப்பிடுவார்கள். ஆனால் அம்மாக்காரி மட்டும் தன் சொந்த மொழியில் சித்லாலி என்பாள். அதைக் கேட்டால் அங்கே உள்ளவர்கள், காட்டுப் பாஷை என்று சிரிப்பார்களாம். வேலாயுதத்துக்கு ஸ்பானியம் அரைகுறை. கூட வேலை செய்த பிலிப்பினோக்காரர் ஒருவரை வைத்துக்கொண்டு பேசுவார். சித்லாலி என்றால் நட்சத்திரம் என்று அவள் வானத்தைக் காட்டிச் சொன்னாள். நாம் தக்காளிக்கு, சாக்லேட்டுக்கு, சில்லிக்குச் சொல்கிற வெள்ளைக்காரப் பெயரெல்லாம் எங்கள் பாஷையிலிருந்து எடுத்ததுதான் என்றும் சொன்னாள். நம் ரப்பர் மரம் மாதிரியே வேறு ஒரு மரத்துப் பாலை உருட்டிப் பந்தாக்கி அந்தப் பக்கத்து ஜனங்கள் எந்தக் காலத்திலேயோ விளையாடியிருக்கிறார்களாம். நீ எந்த ஊர் என்று கேட்டாள். ரப்பர்த் தோட்டம் என்று இவர் சொன்னதும், அப்படியானால் நீ நமக்குச் சொந்தம்தான் என்று ஒரு ரொட்டியைச் சும்மா கொடுத்தாளாம்.

“சிரிக்கிறாங்கன்னு அவ பேர விடலீங்க. அது எனக்குப் புடிச்சிருந்துச்சி. அதான் வச்சேன்,” என்றார். பெயரை அவர் சொல்கிற விதமே தனி. நடுவில் நாக்கின் ஓரத்தால் லேசாகக் காற்றை விட்டுச் சொல்வார். நான் எத்தனையோ முறை முயன்றிருக்கிறேன், எச்சில்தான் தெறிக்கும்.

இவ்வளவு அழகாக ஒரு மனிதன் சொல்லி முடித்தால் நமக்கு என்ன தோன்றும்? சபாபதிக்குச் சிரிப்புத் தோன்றியது. தொடையைத் தட்டிச் சிரித்தார். “ரொட்டி மட்டுந்தான் குடுத்தாளா?” என்றார். அப்புறம் குரலைத் தாழ்த்தாமலே, ஊரில் பேசுவது தன் காதுக்கும் வந்ததாகவும், அதெல்லாம் பழைய கதை, பெயரை மாற்றிவிட்டால் பேச்சும் போய்விடும் என்றும், தங்கச்சி மனசுக்கும் அதுதான் நல்லது என்றும் சொன்னார். தங்கச்சி என்றது அஞ்சலையை. பெரிய உபகாரம் செய்கிற முகத்தோடு அவளைப் பார்த்தார்.

அஞ்சலை சுவரோடு உட்கார்ந்திருந்தாள். எழுந்தாள். நான் அவள் குரலை அதுவரை நாலு வார்த்தைக்கு மேல் கேட்டதில்லை.

“அந்தப் பொம்பளைக்கும் இவருக்கும் என்னான்னு எனக்குத் தெரியாதுங்க. இன்னிக்கும் தெரியாது. ஆனா பேரு எம் பொண்ணு பேரு. அத மாத்த நீங்க யாருங்க?”

சபாபதி ஏதோ சொல்ல வாயெடுத்தார். அவள் கதவுப் பக்கம் திரும்பினாள்.

“சித்லாலி. இவங்க செருப்பு எங்க கெடக்குன்னு பாரு.”

அந்த நடுக் காற்றோடு, வேலாயுதம் சொல்வதைப்போலவே சொன்னாள். சொல்லாமல் இருந்த அத்தனை வருஷமும் அந்தப் பெயரை வாய்க்குள் சரியாகவே வைத்திருந்திருக்கிறாள். சித்லாலி தட்டைக் கீழே வைத்துவிட்டு வாசலுக்குப் போனாள். செருப்பைத் தேடவெல்லாம் இல்லை. படியில் நின்றுகொண்டு முகத்தை இரண்டு கையாலும் மூடிக்கொண்டாள். சபாபதி தன் செருப்பைத் தானே தேடிக்கொண்டார். ஒரு கால் செருப்பைக் கோழி மிதித்து அசிங்கம் பண்ணியிருந்தது. கோழிகள் மேல் எனக்கு அன்றிலிருந்து தனி மரியாதை.

பேருந்தில் திரும்பினோம். ஈப்போ நெருங்கும்போது, “கேட்டியாடி?” என்றாள். கேட்டேன் என்றேன்.

இரண்டு வாரம் கழித்து மாப்பிள்ளை கடைக்கு வந்தான். தனக்குப் பெயரில் ஒரு ஆட்சேபமும் இல்லை, மாமாதான் அப்படி, மாமா மனம் மாறினால் பார்க்கலாம் என்று கல்லா ஓரத்தில் நின்று கிசுகிசுத்தான். சித்லாலி அவனுக்கு ஒரு கைக்குட்டை விற்றாள். நல்ல விலைக்குத்தான் விற்றாள். அவனும் வாங்கிக்கொண்டு போனான். அவனைப்போன்றவர்கள் நாட்டில் ஏராளம். எதையாவது கையில் கொடுத்தால் போய்விடுவார்கள்.

பெயரைத் திருத்த அவளே அலைந்தாள். சத்தியக் கடிதம், சாட்சி, வரிசை என்று பலமுறை போனோம். பதிவு அலுவலக முகப்பில் இருந்த மலாய்ப் பெண் இது என்ன பெயர் என்று கேட்டாள். நட்சத்திரம் என்று இவள் சொன்னதும், பிந்தாங்கா, அழகாக இருக்கிறதே என்று எழுத்து எழுத்தாகக் கேட்டு எழுதிக்கொண்டாள். கிராணிக்கு வாழ்நாளில் வராத புத்தி அந்தப் பெண்ணுக்கு ஐந்து நிமிஷத்தில் வந்தது.

லூமுட்டில் அப்பாவோடு வேலை பார்த்த ஒருவரைத்தான் பிறகு கட்டிக்கொண்டாள். அவர் பெயரைப் பற்றிக் கேட்கவே இல்லையாம். சுலபமாக இருக்கிறதே என்று மட்டும் சொன்னாராம். வேலாயுதம் போனபோது நான் சாவுக்குப் போயிருந்தேன். அந்தத் துறைமுகத்துப் பெண் விஷயத்தைக் கடைசிவரை கேட்கவே இல்லையா என்று அஞ்சலையிடம் கேட்டுவிட்டேன். எனக்கு வாய் நிற்காது. “கேக்கலாம்னுதான் இருந்தேன். அப்பறம் எதுக்குன்னு விட்டுட்டேன்,” என்றாள்.

பெண் பார்த்துப் போன பிறகு, சித்லாலி கல்யாணமாகிப் போகிறவரை, சனிக்கிழமை சாயங்காலங்களில் நான் அவளோடு தோட்டத்துக்குப் போவதுண்டு. அந்த நேரத்தில் லயத்து வாசல்களில் எல்லாத் தாய்மார்களும் பிள்ளைகளைக் குளிக்கக் கூப்பிடுவார்கள். அஞ்சலையும் வாசலில் நின்று பெயர் சொல்லிக் கூப்பிடுவாள், ஈப்போவிலிருந்து சம்பளம் வாங்கி வருகிற வளர்ந்த மகளை. பேருந்து நிற்கும் சாலைவரை கேட்கும். கிராணி வீட்டைத் தாண்டித்தான் அந்தச் சத்தம் வர வேண்டும். “வாரேன்மா,” என்று இவள் சாலையிலிருந்தே கத்துவாள்.

எண்பதுகள் முடிவதற்குள் மரங்களைத் தள்ளிவிட்டார்கள். லயங்களை ஒரே நாளில் இடித்தார்கள். அஞ்சலை லூமுட்டுக்குப் போய் அங்கேயே முடிந்துவிட்டாள். இப்போது சாலையின் இரண்டு பக்கமும் செம்பனைதான். போன வருஷம் அந்த வழியாகப் போனபோது காரை நிறுத்தச் சொல்லி இறங்கினேன். வாசல் எது, சாலை எது என்றே தெரியவில்லை. சாயங்காலமாகியிருந்தது. யாரும் யாரையும் கூப்பிடவில்லை.