தேயிலைச் சாயத்தில் ஏழு உலகங்கள்

என் பகிடிக்குச் சிரிக்காத மனிதர்களை என்னால் பொறுத்துக்கொள்ள முடியாது. அந்த நோய்தான் என்னை ஒரு புராதன நூலுக்கு ஆசிரியனாக்கியது.

வெள்ளைக்காரக் கடற்படை திருகோணமலையை விட்டுப் போய்ச் சில வருடங்கள் ஆகியிருந்தன. துறைமுகத்து அலுவலகமொன்றில் கடல் வரைபடங்களை நகலெடுப்பது என் வேலை. வயது நாற்பத்திரண்டு, புத்தி பன்னிரண்டிலேயே நின்றுவிட்டது. எங்களோடு சல்லி என்ற மீன்பிடிக் கிராமத்தான் ஒருவன் இருந்தான். ஈயக்குண்டு கட்டிய கயிற்றைக் கடலில் இறக்கி, ஆறடிக்கு ஒரு பாகமாக, எத்தனை பாகம் ஆழம் என்று கூவிச் சொல்வான். நான் அந்த எண்களைப் படத்தில் ஏற்றுவேன்.

அவனுடைய தம்பி தனியே மீன்பிடிக்கப் போய் ஐந்து மாதமாகத் திரும்பவில்லை. உடலும் கிடைக்கவில்லை. இனியும் பார்த்திருக்க ஏலாதென்று, வரும் வெள்ளிக்கிழமை தர்ப்பையில் உருவம் செய்து எரித்துக் காரியத்தை முடிக்க நாள் வைத்திருந்தார்கள். அந்த ஐந்து மாதமும் அவன் என் பகிடி ஒன்றுக்கும் சிரிக்கவில்லை. நானும் ஐந்து மாதம் பொறுத்தேன். அது என் வாழ்நாள் சாதனை.

கடற்படை விட்டுப்போன தடித்த படத்தாள் அலுமாரி நிறையக் கிடந்தது. ஓர்ஸ் ஹில்லில் எங்கள் வீட்டுக் குசினியில், பழசாகத் தெரியட்டும் என்று அதைத் தேயிலைச் சாயத்தில் ஊறவைத்தேன்.

"தேயிலை குடிக்கிறதுக்கோ, கடுதாசி குளிப்பாட்டுறதுக்கோ?" என்றாள் மனைவி.

ஓரங்களை அடுப்பில் பொசுக்கி, ஏழு மாய உலகங்களை வரைந்தேன். ஒன்றில் நிழல்கள் முன்னே போகும். மனிதர்கள் நிழலிடம் லீவு கேட்கவேண்டும். இன்னொன்றில் பறவைகள் மரங்களைத் தூக்கிக்கொண்டு குடிபெயரும். மூன்றாவதை ஆண்ட அரக்கனுக்கு எங்கள் தலைமைக் கிளாக்கரின் மூக்கு. ஏழாவது, கடல் கொண்டவர்களின் நாடு. அதன் கீழே இப்படி எழுதினேன்: 'இவர்களுக்குக் காரியம் செய்யாதவரை இவர்கள் திரும்பி வரலாம்.'

யாரை நினைத்து எழுதினேன் என்று கேட்கிறீர்களா? அவனை நினைத்துத்தான்.

பழைய பெட்டியொன்றில் அகப்பட்டது என்று அலுவலகத்தில் தேத்தண்ணி நேரத்தில் வாசித்துக் காட்டினேன். எல்லோரும் மேசையில் அடித்துச் சிரித்தார்கள். அவன் மட்டும் ஏழாம் தாளில் விரலை வைத்து, கடலில் போட்டிருந்த ஆழ எண்களைத் தொட்டுக்கொண்டு போனான்.

"நாலு, ஆறு, பதினொண்டு... அங்கால அடியே இல்லை. மச்சான், இது என்ர கைக்குத் தெரிஞ்ச கடல்."

சோம்பேறித்தனம்தான். புதுக்கடல் ஒன்றைக் கற்பனை செய்யப் பஞ்சிப்பட்டு, எங்கள் துறைமுக வாயைத் தலைகீழாகக் கீறி, அவன் கூவித் தந்த ஆழங்களையே போட்டிருந்தேன். கரை அவனுக்குப் பிடிபடவில்லை. எண்கள் பிடிபட்டுவிட்டன.

"இதைத் தாறியா?"

"கொண்டுபோ ராசா. உனக்காகத்தான் எழுதி வைச்சிருக்கிறாங்கள்."

சிரிப்பில் அறை அதிர்ந்தது. அன்றிரவு நான் நன்றாக நித்திரை கொண்டேன்.

அடுத்த நாள் காலையில் தம்பியின் மனைவி அலுவலகத்துக்கு வந்து நின்றாள்.

"அண்ணை, வெள்ளிக்கிழமை காரியம் வேண்டாமாம். பொட்டை அழிக்காதை, தம்பியைப் பாத்துக்கொண்டு வாறன் எண்டு அத்தான் விடியவே வள்ளத்தில போயிட்டார். உங்கட புத்தகத்தில கிடக்காமே, உண்மையே?"

வெளியே வாடைக்காற்று தகரத்தைப் பிய்த்துக்கொண்டிருந்தது. எனக்கு முதலில் வந்த நினைவு அவனுடைய உயிர் அல்ல, தாளில் இருந்த என் கையெழுத்து. மைப்போத்தலைச் சாப்பாட்டுப் பெட்டிக்குள் ஒளித்துவிட்டு, ஒற்றைச் செருப்போடு இறங்குதுறைக்கு ஓடினேன். கோணேசருக்கு நூற்றொரு தேங்காய் நேர்ந்தேன். தூரத்தில் ஒரு புள்ளி தெரிந்ததும் ஐம்பத்தொன்றாகக் குறைத்தேன். கிட்ட வர அது மிதக்கும் கட்டை என்று தெரிந்தது, மறுபடி நூற்றொன்று.

மத்தியானம் அவன் வந்து சேர்ந்தான். நனைந்து விறைத்திருந்தான். முகத்தில் சிரிப்பு.

"மச்சான், ஒரு பாகம்கூடப் பிசகில்லை!"

ஐந்து மாதமாக நான் காத்திருந்த சிரிப்பு அதுதான்.

"அது நான் கீறினது," என்றேன். "எண் எல்லாம் உன்ர. மணந்து பார், தேயிலை."

மணந்து பார்த்தான். அறைவான் என்று கன்னத்தைத் தயாராக வைத்திருந்தேன். அதைக்கூட அவன் தரவில்லை.

"தம்பியை அங்க கொண்டுபோய் வைச்சவன் நீ. நீயே வந்து அவன்ர பெண்சாதியிட்டச் சொல்லு."

சொன்னேன். அவள் அரிசி புடைத்தபடியே கேட்டிருந்தாள்.

"அப்ப, திரும்பி வரலாம் எண்டதும் நீங்கள் எழுதினதோ, அண்ணை?"

"ஓம்."

பின்னால் பகிடி ஒட்டாமல் நான் சொன்ன முதல் சொல் அதுவாக இருக்கவேண்டும்.

"அந்தத் தாளைக் கிழிச்சுத் தாங்கோ."

வெள்ளிக்கிழமை, முற்றத்தில் கிடத்தியிருந்த தர்ப்பை உருவத்தின் நெஞ்சில் அதை மடித்து வைத்தாள். பெண்கள் வீட்டோடு நின்றார்கள். நாங்கள் அதைக் கரைக்குத் தூக்கிப் போனோம். விலகி நிற்கப் பார்த்த என்னை அவன் கையைப் பிடித்து இழுத்துப் பக்கத்தில் நிறுத்தினான். பிறகு கொள்ளி வைத்தான். தர்ப்பை சட்டென்று பற்றியது. தடித்த தாள் மெதுவாகத்தான் எரிந்தது. புகை காற்றோடு எங்கள் மேல் திரும்பியது.

"ஆரப்பா இஞ்ச தேத்தண்ணி வைக்கிறது?" என்றார் பின்னால் ஒரு கிழவர், ஒன்றும் அறியாமல்.

ஒருவரும் சிரிக்கவில்லை. எனக்கு மட்டும் சிரிப்பு வந்தது. பயம் வந்தால் எனக்கு அப்படித்தான். வாயைப் பொத்தினேன், அதற்குள் சத்தம் வெளியே போய்விட்டது.

கொள்ளி பிடித்த கையோடு அவன் திரும்பி என்னைப் பார்த்தான்.