டியூப்லைட் செடியின் முடிவு

எண்பதுகளின் நடுவில் ஆவடி தொழிற்சாலை குவார்ட்டர்ஸில் நாங்கள் ஒரு கையெழுத்துப் பத்திரிகை நடத்தினோம். மாதத்துக்கு ஒரே பிரதி. அட்டையின் உட்புறம் ஒட்டிய பட்டியலில் பதினைந்து வீடுகள். வீட்டுக்கு இரண்டு நாள். படித்துக் கையெழுத்துப் போட்டு அடுத்த வீட்டில் கொடுத்துவிட வேண்டும். வரிசை தாண்டக் கூடாது. தொழிற்சாலையில் டோக்கன் எண்படி நிற்கப் பழகியவர்கள் இலக்கியத்துக்கும் அப்படியே நின்றார்கள்.

அதில் நான் தொடர்கதை எழுதினேன். சூரியனே இல்லாத ஓர் உலகம். அங்கே ஒரு பள்ளத்தாக்கில் தானாக ஒளிரும் செடி ஒன்று. பக்கத்தில் ஒரு மனிதராவது இருக்கும்வரை ஒளிரும். எல்லோரும் போய்விட்டால் அணைந்துவிடும். அதற்கு நான் வைத்த பெயர் அரை வரி நீளம், பாதி வடமொழி. குவார்ட்டர்ஸில் எல்லோரும் டியூப்லைட் செடி என்றார்கள். மனம் புண்பட்டேன். அந்த நீளப் பெயர் இப்போது எனக்கே நினைவில்லை.

கடைசிக்கு முந்தைய அத்தியாயத்தில் பள்ளத்தாக்கைக் காலி செய்தேன். கடைசியில் செடியை அணைத்தேன். அந்த வயதில் நான் படித்த கனமான புத்தகங்களில் எல்லாம் முடிவில் யாராவது செத்தார்கள். கனம் அதிலிருந்துதான் வருகிறது என்று நம்பினேன்.

பிரதி ஐந்தாவது வீட்டில் இருந்தபோது, பதினான்காவது வீட்டுக்காரர் தொழிற்சாலை அலுவலகத்தில் என் மேஜைக்கு வந்தார். ஃபிட்டர். அவர் மனைவிக்கு இதய வால்வில் கோளாறு. திங்கட்கிழமை ஆஸ்பத்திரியில் சேர்க்க வேண்டும். அந்த வாரமே ஆபரேஷன்.

"சார், அந்தச் செடிய இன்னா பண்ணீங்க?"

"வரிசைப்படி வரும். படிச்சுக்குங்க."

"எங்க ஊட்டுக்கு வர்றதுக்குள்ள ஆபரேஷனே முடிஞ்சிடும் சார். அது பொழைக்குதா இல்லியான்னு தெரிஞ்சிகினுதான் போவேன்றா."

"முடிவை முன்னாடியே சொன்னா கதை செத்துடுங்க."

அவர் "சாவறது கதைதான சார்" என்று சொல்லிவிட்டுப் போனார்.

ஞாயிறு மதியம், அவர்கள் சர்ச்சிலிருந்து திரும்பிய பிறகு, அவர் வீட்டுக்குப் போனேன். அந்த அம்மா இரண்டு தலையணையில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் ஆஸ்பத்திரிக்கான கூடை தயாராக இருந்தது: ஃபிளாஸ்க், டம்ளர், துண்டு.

"செடி அணையலம்மா. எரிஞ்சிக்கிட்டுதான் இருக்கு."

"எப்படிண்ணா? போன மாசம்தான் எல்லாரையும் காலி பண்ண வெச்சீங்க. பக்கத்துல யாரு இருக்கா?"

ஏழு அத்தியாயம் எழுதியவனை யாரும் இப்படி மடக்கியதில்லை.

"ஒருத்தர் திரும்பி வர்றார். உப்பு விக்கிறவர்."

"எல்லாரும் போனது அவருக்குத் தெரியாதா?"

"அவருக்குக் காது கேக்காது. கூப்பிட்டது காதுல விழல."

"அப்ப திரும்பி வரல. போகவே இல்ல."

"ஆமா. போகவே இல்ல."

"சாரையே கேள்வி கேட்டுகினு கீறியே" என்றார் கணவர்.

"நீ சும்மா இருய்யா." கண்ணை மூடிச் சாய்ந்துகொண்டார். "சரிண்ணா. இருக்கட்டும் அவரு."

ஆஸ்பத்திரியிலிருந்து அந்த அம்மா திரும்பவில்லை. கல்லறைத் தோட்டத்தில் கூட்டத்தின் பின்வரிசையில் நின்றேன். பத்திரிகை மட்டும் நிற்காமல் பதின்மூன்று வீடு கடந்து பதினான்காவது வீட்டுக்குப் போய்ச் சேர்ந்தது. இந்த ஒரு மாதம் அந்த வீட்டைத் தாண்டிப் போகட்டும் என்று யாருக்கும் தோன்றவில்லை. எழுதியவனுக்கும் தோன்றவில்லை.

வேலைக்குத் திரும்பிய அன்று ஃபிட்டர் என் மேஜைக்கு வந்தார். கையில் பத்திரிகை. முகத்தில் கோபம் இல்லை.

"சார், நீங்க சொன்னது இதுல இல்லியே."

"இல்லைங்க. அன்னைக்கு அங்க உக்காந்து இட்டுக்கட்டினேன்."

"தெரியும் சார். அவளுக்கும் தெரியும். திரும்பி வர்ற ஆளு அஞ்சு நிமிஷத்துல போவாத ஆளு ஆயிட்டாரே."

ஆறுதல் சொல்ல வார்த்தை தேடினேன். அகப்பட்டவை எல்லாம் புத்தக வார்த்தைகள்.

"அத எழுதிக் குடுங்க சார். அவ கேட்டத."

வெள்ளைத் தாளை எடுத்து, உப்பு விற்கும் முதியவர் ஒருவர் என்று தொடங்கினேன். அவர் குனிந்து பார்த்தார்.

"ஆம்பள இல்ல சார், பொம்பள. ஆஸ்பத்திரில பக்கத்து பெட்டு அம்மா கஞ்சில உப்பு இல்லன்னு பொலம்பிகினு இருந்தாங்க. அவங்களுக்கு இந்தக் கதைய இவ அப்படித்தான் சொன்னா."

அடித்து எழுதினேன்.

"காது கேக்காதுன்றதையும் எடுத்துடுங்க. நல்லா கேக்குமாம். எல்லாரும் கூப்ட்டது காதுல வுழுந்துச்சாம். ஆனா போவலியாம்."

"ஏனாம்?"

"நானும் கேட்டேன். அதுக்குள்ள நர்ஸம்மா வந்து வெளிய போவச் சொல்லிட்டாங்க."

கூப்பிட்டது கேட்டது, போகவில்லை என்று எழுதினேன். பேனா அதற்கு மேல் நகரவில்லை.

"ஒரு காரணம் எழுதட்டுமா?"

"வேணாம் சார். தெரியாதத எழுதாதீங்க."

தாளை நாலாக மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு ஷிஃப்டுக்குப் போனார்.