ஆறாம் பருவம்

எங்கள் கோயில் பாதரிடம் நான் வாயைக் கொடுத்து மாட்டிக்கொண்டது ஒரு ஞாயிற்றுக்கிழமை, பூசை முடிந்த கையோடு. வாயைக் கொடுப்பது எனக்குப் பழக்கம்தான். வத்தேகமவில் ஒரு பள்ளிக்கூடத்தில் தமிழ் படிப்பிக்கிறேன். நாற்பது பிள்ளைகள் ஒரே நேரத்தில் கத்தும் வகுப்பில் வாயில்லாதவள் ஒரு தவணைகூடத் தாக்குப்பிடிக்க மாட்டாள்.

பாதர் யாழ்ப்பாணத்துக்காரர். வயது முப்பத்தைந்து இருக்கும். இறையியல் படித்தவர், தமிழ் மேலும் ஆசை உள்ளவர். இரண்டும் ஓரிடத்தில் சேர்ந்தால் அடுத்தவருக்குத்தான் வேலை.

"ரீச்சர், இந்த நத்தாருக்கு கரோல் மாலையில எங்கட யேசு பாலனுக்கு ஒரு பிள்ளைத்தமிழ் பாடினால் என்ன? ஆரிட்டக் கேக்கலாம்?"

"ஏன் பாதர், நான் என்ன செத்தா போயிட்டேன்?"

அவ்வளவுதான். மாட்டிக்கொண்டேன்.

பிள்ளைத்தமிழ் என்பது சாமியையோ ராஜாவையோ கைக்குழந்தையாக வைத்து, பாடுகிறவர் தாயாக மாறிப் பாடுவது. பிள்ளை வளர வளரப் பாட்டும் வளரும். அதற்குப் பத்துப் பருவம் உண்டு. பருவத்துக்குப் பத்தாக நூறு பாட்டு எழுத வேண்டும். நூறு பாட்டென்றால் சனம் தேத்தண்ணியும் கேக்கும் எப்போது வரும் என்று வாசலைப் பார்க்கும் என்பதால், பருவத்துக்கு ஒன்று போதும் என்று பாதர் பெரிய மனது பண்ணினார். இதுவரை இதை எழுதியவர்கள் பெரும்பாலும் ஆண்கள். தாலாட்டும் இடத்தில்கூட மீசை தெரியும். நான் உண்மையாகவே பிள்ளை பெற்றவள், எனக்கு இதெல்லாம் ஜுஜுபி என்றுதான் நினைத்தேன்.

என் கணவர் தையல்காரர். அம்பிட்டியவில் எங்கள் வீட்டின் முன்னறைதான் அவருடைய கடை. அவர் சைவம், நான் கத்தோலிக்க வேதம். வீட்டில் மேற்குச் சுவரில் முருகன், கிழக்குச் சுவரில் மாதா, நடுவில் கரண்ட் மீட்டர். இத்தனை வருடத்தில் சாமியை வைத்து நாங்கள் சண்டை போட்டதில்லை. சண்டைக்கு வேறு விஷயம் தாராளமாக இருந்தது.

முதல் பருவம் காப்பு. பிள்ளைக்கு ஒரு குறையும் வராமல் காக்கச் சொல்லிப் பெரிய பெரிய ஆட்களைக் கூப்பிட வேண்டும். நான் பிதாவைக் கூப்பிட்டேன், தூய ஆவியைக் கூப்பிட்டேன், வானத்துச் சம்மனசுகளை வரிசையாகக் கூப்பிட்டேன். வாசித்துக் காட்டியபோது அவர் துணி வெட்டிக்கொண்டிருந்தார்.

"முருகனுக்கும் ஒரு வரி போடு. காவலுக்கு ஆள் கூட இருந்தா நல்லதுதானே."

"பாதர் ஒத்துக்க மாட்டாரு."

"பிள்ளை அவருதா?"

நான் போடவில்லை. ஆனால் அந்தக் கேள்வி நியாயமானது.

அடுத்த பருவங்கள் தண்ணீர்பட்ட பாடாக வந்தன. செங்கீரையில் பிள்ளை தலையைத் தூக்கி ஆடும். தாலில் தூங்கவைக்க வேண்டும். சப்பாணியில் கையைத் தட்டும். கண்டிக்குப் போகிற பஸ்ஸில் ஜன்னல் ஓரம் இடம் கிடைத்தால் ஒரு பாட்டு, நின்றுகொண்டு வந்தால் அரைப் பாட்டு. பாதர் ஒவ்வொன்றையும் பென்சிலும் கையுமாக வாசித்தார். ஓரிடத்தில் மட்டும் கோடு போட்டார்.

"பல்லரும்பும் நோவுதனில் பரம்பொருள்நீ அழுதனையே."

"ரீச்சர், இதில சின்னச் சிக்கல். அவர் எல்லாம் அறிஞ்ச கடவுள் எல்லோ. பல்லு முளைக்கிறதுக்கு அழுவாரோ?"

"எல்லாம் அறிஞ்சவருக்கும் பல்லு ஈறைக் கிழிச்சுக்கிட்டுத்தான் பாதர் வரணும்."

பாதர் பென்சிலைக் கீழே வைத்தார். கடவுள் மனிதனானார் என்பதை முழுதாக நம்புகிறோமா இல்லையா என்று தனக்குள்ளே பேசிக்கொண்டார். பிறகு "ஓம், அது சரிதான்" என்று அழிரப்பரை எடுத்தார். எனக்குத் தலைகால் புரியவில்லை. இறையியலில் ஜெயித்தேன் என்று வீட்டில் இரண்டு நாள் சொல்லிக்கொண்டு திரிந்தேன்.

ஐந்தாவது முத்தம். பிள்ளையிடம் முத்தம் கேட்டுக் கெஞ்சுவது. அதையும் எழுதினேன், ஆனால் மெதுவாக.

ஆறாவது வருகை. அதில்தான் வண்டி நின்றது.

வருகையில் பிள்ளைக்கு ஒரு வயது தாண்டியிருக்கும். எதையோ பிடித்துக்கொண்டு நிற்கும். பிடித்ததை விட்டுவிட்டு என்னிடம் நடந்து வா என்று தாய் கையை நீட்டிக் கூப்பிட வேண்டும். இதில் என்ன கஷ்டம்? ஒரு கஷ்டமும் இல்லை. எங்கள் மகன் பதினோராம் மாதத்தில் ஒரு காய்ச்சலில் போய்விட்டான், அவ்வளவுதான். மொட்டையும் போட்டிருந்தோம், ஞானஸ்நானமும் கொடுத்திருந்தோம். நெற்றியில் திருநீறு, கழுத்தில் மாதா பதக்கம். இரண்டு பக்கமும் காவல் போட்டிருந்தோம். இருந்திருந்தால் இப்போது பத்தொன்பது வயது, உயர்தரப் பரீட்சை எழுதி முடித்திருப்பான். அதற்குப் பிறகு எங்களுக்குப் பிள்ளை இல்லை. அவனைப் பற்றி நாங்கள் இரண்டு பேரும் பேசிக்கொண்டதும் இல்லை.

அவன் கதிரைக் காலைப் பிடித்துக்கொண்டு நின்றிருக்கிறான். கையை விட்டதில்லை.

ஐந்து பருவத்துக்கு அவனைப் பார்த்துத்தான் எழுதினேன் என்பது எனக்கு அப்போதுதான் உறைத்தது. பெத்லகேம் பிள்ளை எப்படித் தலையைத் தூக்கியது என்று எனக்கென்ன தெரியும்? என் பிள்ளை தூக்கியதை எழுதினேன். இனி எழுதுவதற்கு என்னிடம் பிள்ளை இல்லை.

கார்த்திகை மாதம் முழுக்க ஒரு வரி வரவில்லை. வகுப்பில் எழுத்துப் பிழைக்கெல்லாம் எரிந்து விழுந்தேன். வீட்டில் நூல்கண்டு காலில் தட்டுப்பட்டதற்கு அவரோடு சண்டை போட்டேன். பாதருக்கு மூக்கில் வேர்த்து நேராக வீட்டுக்கே வந்துவிட்டார். தேத்தண்ணி கொடுத்தேன்.

"மிச்சம் எப்ப ரீச்சர்? சனத்துக்குச் சொல்லிப்போட்டன்."

"இத்தோட முடிச்சுக்குவோம் பாதர். அஞ்சு பாட்டே போதும்."

"அதெப்பிடி? யேசு வளர்ந்தவர்தானே ரீச்சர்."

"ஆமா. உங்க யேசு வளர்ந்தாரு."

குரல் கொஞ்சம் உயர்ந்துவிட்டது. முன்னறையில் மெஷின் சத்தம் ஒரு கணம் நின்று, மறுபடி ஓடியது. பாதருக்கு எங்கள் கதை தெரியாது. ஆனால் முட்டாள் இல்லை. சுவரில் இருந்த ஒரே ஒரு குழந்தைப் படத்தைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். நல்ல வேளை, ஆறுதல் ஒன்றும் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் தேத்தண்ணிக் கோப்பையைப் பிடுங்கியிருப்பேன். ஆறிப்போன தேத்தண்ணியை மடமடவென்று குடித்துவிட்டு, "நான் பிறகு வாறன்" என்று போனார்.

அதற்கடுத்த சனிக்கிழமை நல்ல மழை. ஜனவரியில் பள்ளிக்கூடம் தொடங்குவதற்கு முன்னால் கொடுக்க வேண்டிய வெள்ளைக் காற்சட்டைகள் என் கணவரைச் சுற்றிக் குவிந்து கிடந்தன. நான் வாசல்படி ஓரம் பேனையைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

"என்ன, பாட்டு நிக்குதா?"

"பிள்ளை நடக்க மாட்டேங்குது."

"எந்தப் பிள்ளை?"

"ரெண்டும்."

சொன்ன பிறகுதான் சொல்லிவிட்டோமே என்று திக்கென்றது. அவர் மெஷினை நிறுத்தவில்லை. தையல் ஓரம் வரை போனது. நூலைப் பல்லால் கடித்தார்.

"நம்மாளு நடந்து எவ்வளவோ காலமாச்சு. இப்ப பைக் வேணும்னு உசிரை வாங்குறான்."

நான் அவர் முகத்தைப் பார்த்தேன். விளையாட்டு இல்லை. அடுத்த காற்சட்டையைக் கையில் எடுத்து இடுப்புப் பக்கம் விரித்துப் பார்த்தார்.

"அவனுக்கு இதை விடச் சின்ன இடுப்பு. முப்பதுதான் வரும். ஒல்லி. உங்க பக்கம்."

எனக்கு எங்கிருந்துதான் அப்படி ஒரு கோபம் வந்ததோ. "யாரைக் கேட்டு நீங்க மட்டும் தனியா வளர்த்தீங்க?" என்று கத்தினேன். மழைச் சத்தத்தில் தெருவுக்குக் கேட்டிருக்காது.

அவர் நிமிர்ந்து பார்த்தார். உண்மையாகவே ஆச்சரியப்பட்டது தெரிந்தது.

"நீயும் வளர்த்துக்கிட்டு இருக்கேன்னு நெனைச்சேன்," என்றார்.

அழுதேன். பரம்பொருளே அழுததாக எழுதியவள், எனக்கென்ன வெட்கம்? அவர் எழுந்து வந்து தோளைத் தட்டவெல்லாம் இல்லை. கையில் கிடைத்த வெட்டுத்துண்டை நீட்டினார், துடைத்துக்கொள்ள. அளவுக்கோடு போட்ட சோக்கு அதில் அப்படியே இருந்தது, முகமெல்லாம் நீலமானது.

மூக்கைச் சிந்திவிட்டுக் கேட்டேன். "பைக் வாங்கித் தரப் போறீங்களா?"

"அம்மா வேணாம்னு சொல்லுவாள்னு சொல்லி வச்சிருக்கேன்."

"என் தலையில போட்டாச்சா? நல்லா இருக்கு."

அன்று மாலையே வருகை வந்துவிட்டது. கெட்டிக்காரத்தனமான பாட்டு இல்லை.

"விழுந்தால் எழுக, எழுந்தால் வருக,
அழுதால் அழுதபடி வருக வருகவே.
துணைக்கொரு பிள்ளை அங்கே உளனேல்
அவனையும் கைப்பிடித்து வருக வருகவே."

அதற்குப் பிறகு பிடித்தாலும் நிற்கவில்லை. அம்புலியில் நிலாவை விளையாடக் கூப்பிட்டேன், வராவிட்டால் நடக்கிறதே வேறு என்று மிரட்டினேன். மிரட்டுவது மரபு, எனக்கும் கைவந்தது. சிற்றிலில் பெண்பிள்ளைகள் கட்டிய மணல் வீட்டைக் காலால் அழிக்காதே என்று கண்டித்தேன். சிறுபறையில் பறை கொட்டச் சொன்னேன். கடைசி, சிறுதேர். பிள்ளை சின்னத் தேரை உருட்டிக்கொண்டு தெருவில் ஓடும். அதை எழுதும்போது எனக்குச் சிரிப்பும் வந்தது.

பாதரிடம் கொடுத்தேன். திரும்பி வந்த தாளில், துணைக்கொரு பிள்ளை என்ற வரிக்குப் பக்கத்தில் பென்சிலால் ஏதோ எழுதி அழித்த தடம் இருந்தது. என்ன எழுதினார் என்று நான் கேட்கவில்லை.

கரோல் மாலைக்கு என் கணவரும் வந்தார். வழக்கமாக என்னைக் கோயில் கேற்றடியில் விட்டுவிட்டு எதிரே உள்ள தேத்தண்ணிக் கடையில் காத்திருப்பவர், அன்று உள்ளே வந்தார். எல்லோரும் சப்பாத்தோடு இருக்க, அவர் மட்டும் செருப்பை வாசலில் கழற்றி வைத்துவிட்டுக் கடைசி வாங்கில் உட்கார்ந்தார். பாலன் குடிலுக்குப் பக்கத்தில் நின்று பத்துப் பாட்டையும் பாடினேன். வருகையில் குரல் உடையும் என்று பயந்தேன், உடையவில்லை. சிறுதேரில்தான் கொஞ்சம் உடைந்தது. சனம் கையைத் தட்டியது. பாதர் முன்வரிசையில் குனிந்து கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

மழை விட்டிருந்தது. கேக்கைக் கடதாசியில் சுற்றிக்கொண்டு மலைப்பாதையில் நடந்தோம்.

"கடைசியில அவனுக்குத் தேரைக் கொடுத்துட்டியே," என்றார்.

"கொடுத்துட்டேன்."

"என்கிட்ட ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்."

"நீங்க மட்டும் என்னைக் கேட்டா வளர்த்தீங்க?"

பைக் ஒன்று எங்களைக் கடந்து வளைவில் இறங்கிப் போனது. அது போகும் வரை அவர் நின்று பார்த்தார்.

"ஹெல்மெட் போடச் சொல்லியிருக்கலாம்ல."

"அதான் முதல் பாட்டுல காப்பு இருக்கே."

"போன தடவையும் இருந்துச்சு," என்றார்.

வீட்டுக்கு வந்து, கேக்கை மேசையில் வைத்துவிட்டு, கட்டியிருந்த சேலையோடு உட்கார்ந்து கடைசிப் பாட்டில் தலைக்கவசம் என்று ஒரு சீர் சேர்த்தேன். யாப்பு இடிக்கிறது. இடிக்கட்டும்.