தனியாள் லியனார்ட்

தனிமையைப் பற்றிக் குறும்படம் எடுக்கிறவன் எங்கள் தேயிலைத் தோட்டத்து லயத்துக்கா வருவான்? கொட்டகலையிலிருந்து மிலான் கெமராவோடு வந்து நின்றான். கல்யாணம் கட்டாத லியனார்ட் அண்ணன் தினமும் தேயிலை பெக்டரியிலிருந்து வந்து, தனியாக உட்கார்ந்து தேத்தண்ணி குடிப்பதுதான் கதை. வசனமே கிடையாதாம்.

"அண்ணே, சத்தமே வரக்கூடாதுங்க."

முதல் வாயிலேயே அண்ணனுக்குப் புரைக்கேறி இருமல் வந்தது.

லயத்தில் வரிசையாக ஒட்டியிருக்கும் காம்பரா அறைகளின் நடுச்சுவர் கூரை வரைக்கும் போகாது. இருமல் எல்லாருக்கும் கேட்டுவிட்டது. நான் கொத்தமல்லித் தண்ணியோடு ஓடினேன். எனக்கு முன்னாலேயே லெட்சுமி அக்கா தைலத்தோடு நின்றாள். பின்னால் இன்னும் நாலைந்து பேர்.

எங்கள் அத்தனை பேரையும் படத்திலிருந்து வெட்டி எறிந்தான் மிலான்.

முடிந்த படத்தை மிலானின் போனில் பார்த்த அண்ணனுக்குக் கண் கலங்கிவிட்டது.

"பாவம் தம்பி, இந்த மனுசனுக்கு ஒருத்தருமே இல்ல. நம்ம லயத்துக்குக் கூட்டிட்டு வந்துருவோமா?"