வரப்பைத் தேய்த்த அரம்

நத்தம் ரோட்டில் இருக்கும் இஞ்ஞாசியின் ஷெட்டுக்குப் பெயர்ப்பலகை கிடையாது. சிறுமலைக்கு ஏறி இறங்கும் வண்டிக்காரர்களுக்கு அது தேவைப்பட்டதும் இல்லை. "பிரேக்கா, இஞ்ஞாசிகிட்டக் காட்டிட்டு ஏறு" என்று ஒருவருக்கொருவர் சொல்லிக்கொள்வார்கள். வடமதுரைப் பக்கம் கத்தரியும் தக்காளியும் போட்ட குடும்பம் அவருடையது. கிணறு வற்றிய ஒரு வருஷம் அண்ணன்மார் திருப்பூருக்குப் போனார்கள்; இவர் திண்டுக்கல்லில் ஒரு லாரிப் பட்டறைக்கு வந்து சேர்ந்தார். லாரியிலிருந்து கார், காரில் எல்லாம் பழகியபின் பிரேக். மற்ற வேலைகளும் செய்வார், ஆனால் பிரேக் வேலையைத்தான் வேலை என்பார். "எஞ்சின் போனா பஸ்ஸப் புடிச்சாவது வீடு போய்ச் சேந்துரலாம் அப்பு" என்பார். மீதியைச் சொல்ல மாட்டார்.

டிஸ்க்கைப் பார்க்க அவருக்கென்று ஒரு முறை இருந்தது. டிஸ்க் என்பது முன்சக்கரத்தோடு சேர்ந்து சுற்றும் இரும்புத் தட்டு. பிரேக்கை மிதித்தால் இரண்டு பக்கமிருந்தும் பேட் வந்து அதைக் கவ்வும். கவ்வக் கவ்வத் தட்டு தேயும். பேட் தொடாத வெளி ஓரம் மட்டும் தேயாமல், வயலைச் சுற்றி வரப்பு நிற்பது போல எழும்பி நிற்கும். இஞ்ஞாசி அதை வரப்பு என்றே சொல்வார். வலது கைப் பெருவிரல் நகத்தைத் தட்டின் நடுவில் வைத்து வெளியே இழுப்பார். நகம் போய் வரப்பில் முட்டும். முட்டுகிற விதத்தை வைத்து, இன்னும் ஒரு செட் பேட் தாங்கும் என்றோ, தட்டையே மாற்று என்றோ சொல்லிவிடுவார். அந்த ஒரு நகத்தை மட்டும் அவர் ஒட்ட வெட்டுவதில்லை.

மகன் ரொனால்டுக்கு இது தீராத கேலி. ஏழு பேர் உட்காரும் பழைய வெள்ளைக் கார் ஒன்றை வைத்துச் சிறுமலைக்கும் பழனிக்கும் ஓட்டிக்கொண்டிருந்தான்.

"ஊருல எல்லாரும் வெர்னியர் வச்சு அளக்குறாங்க. எங்கப்பா நகத்த வச்சு ஜோசியம் பாக்குறாரு."

"ஏலே, அந்த ஜோசியம்தான் ஒனக்குச் சோறு போட்டுச்சு."

"இல்லைன்னா சொன்னேன்? நகம் வெட்டுறன்னைக்கு மட்டும் சொல்லிடுப்பா. நான் வண்டி எடுக்கல."

ஒரு கிறிஸ்மஸுக்கு அவனே தட்டின் கனத்தை அளக்கும் வெர்னியர் ஒன்றை வாங்கிக்கொண்டு வந்து கொடுத்தான். அது பிளாஸ்டிக் உறை பிரியாமல் மேஜை இழுப்பறையில் கிடந்தது. கேலி செய்தானே தவிர, மலைப்பாதையில் வளைவுகளைக் கண்டு யாராவது முன்சீட்டைப் பிடித்துக்கொண்டால் திரும்பிப் பார்த்துச் சிரிப்பானாம். "பயப்படாதீங்க, எங்கப்பா பாத்த பிரேக்கு." இறங்கியவர்கள் ஷெட்டுக்கு வந்து சொல்லியிருக்கிறார்கள். அப்போதெல்லாம் இஞ்ஞாசி முகத்தைக் காட்டாமல் குனிந்து வேலை செய்வார்.

வைகாசிக் கடைசியில் ஒரு மத்தியானம், மலையில் ஒரு விசேஷ வீட்டுக்கு ஆட்களை இறக்கிவிட்டு ரொனால்டு தனியாக இறங்கி வந்தான். ஒரு வளைவில் வண்டி திரும்பவில்லை. தடுப்புச் சுவரை உடைத்துக்கொண்டு கீழே போனது. பார்த்தவர்கள் யாரும் இல்லை.

அவனுடைய சட்டைப் பையில் இருந்த போனில், எடுக்கப்படாத அழைப்பு ஒன்று இருந்தது. அவன் மனைவி அன்புக்கரசி கூப்பிட்டது. வரும்போது தயிர் வாங்கிவரச் சொல்வதற்காகக் கூப்பிட்டிருந்தாள்.

துக்கத்துக்கு வந்தவர்கள் மெல்லத்தான் பேசிக்கொண்டார்கள். "போன எடுக்கக் கைய விட்டுருப்பான். அந்த எடத்துல ஒரு செகண்டு போதாதா." மெல்லப் பேசியது அன்புக்கரசியின் காதில் விழுந்தது. அன்றிலிருந்து அவள் போனைத் தொடவில்லை. அடித்தால் அவர்களுடைய பிள்ளை எடுத்துப் பேசும்.

போலீஸ் விசாரணை முடிந்து வண்டி ஷெட்டுக்கு வந்தது. முன்பக்கம் நசுங்கிக் கிடந்த கிடப்பில் காரணம் எதுவும் சொல்ல முடியாது என்று ஏற்கெனவே எழுதியாகிவிட்டது. கிரேன்காரர்கள் இறக்கிவிட்டுப் போனபிறகு இஞ்ஞாசி உடைந்த கண்ணாடி வழியாக உள்ளே பார்த்தார். ஹேண்ட் பிரேக் கம்பி, எவ்வளவு தூரம் வருமோ அவ்வளவும் மேலே இழுக்கப்பட்டிருந்தது.

தூக்கியவர்கள் போட்டிருப்பார்கள் என்று நினைத்துக்கொண்டார். ஹேண்ட் பிரேக் போட்ட வண்டியை யாரும் இழுத்து ஏற்ற மாட்டார்கள் என்பது அவருக்குத் தெரியும். தெரிந்தும் அப்படித்தான் நினைத்துக்கொண்டார். பிறகு தார்ப்பாயை எடுத்து வண்டியை முழுக்க மூடி, நான்கு பக்கமும் கல் வைத்தார்.

ஆடி போயிற்று, ஆவணி போயிற்று. தார்ப்பாய் மேல் வேப்பிலை உதிர்ந்து காய்ந்தது. பக்கத்தில் பஞ்சர் கடை போட்டிருக்கும் அப்பாஸ் ஒருநாள் பொறுக்க முடியாமல் கேட்டுவிட்டான்.

"இன்னும் எம்புட்டு நாளைக்குண்ணே இதுக்குப் போர்வ போத்தி வைப்பீங்க? குளிரவா போகுது?"

"கெடக்கட்டும்."

"சக்கரத்தக் கழட்டிப் பாத்தா என்னன்னு தெரிஞ்சுரும்ல. ஒங்க மருமகப் புள்ள செத்துக்கிட்டிருக்கு."

இஞ்ஞாசி ஸ்பேனரைத் தேடுவது போலப் போய்விட்டார்.

மத்தியானச் சாப்பாட்டை அன்புக்கரசிதான் தூக்குச்சட்டியில் கொண்டு வருவாள். மாமியார் இறந்தபிறகு அந்த வீட்டு அடுப்பு அவளுடையதாக இருந்தது. ரொனால்டு போனபிறகும் அவள் அம்மா வீட்டுக்குப் போகவில்லை. ஐப்பசியில் ஒருநாள் அவள் சட்டியை வைத்துவிட்டுக் கிளம்பாமல் நின்றாள்.

"மாமா, கல்லறைத் திருநாள் வருது."

"ஆமாம்மா. சுண்ணாம்பு அடிக்க ஆள் சொல்லிருக்கேன்."

"சுண்ணாம்பச் சொல்லல." தார்ப்பாயைப் பார்த்துக்கொண்டே பேசினாள். "பூவப் போட்டு, மெழுகுவத்தி ஏத்தி, நான் அங்க நிக்கணும்ல. என்னன்னு சொல்லிட்டு நிக்க? தயிருக்காகக் கூப்பிட்டேன், மன்னிச்சிருங்கன்னா?"

"அப்படியெல்லாம் பேசாத தாயி."

"அந்தச் சக்கரத்தக் கழட்டிப் பாருங்க மாமா. பிரேக்கு நல்லா இருந்துச்சுன்னா நான்தான். அத நான் வச்சுக்கிறேன். எதுன்னு தெரியாமத்தான் இருக்க முடியல."

"பாக்குறேம்மா."

"எப்ப?"

"பாக்குறேன்."

அவள் போனபிறகு சட்டியைத் திறந்தார். சோறும், குழம்பும், வெஞ்சனத்துக்கு அவரைக்காயும் இருந்தன. கை வைக்கப் பிடிக்கவில்லை. பிரேக் நன்றாக இருந்தால் பழி அவளுக்கு. கெட்டிருந்தால் தனக்கு. இத்தனை மாதமாகப் பழி அவள் தோளில் கிடந்தது. அவள் கொண்டுவந்த சோற்றைத் தின்றுகொண்டு அவர் அதைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

மறுநாள் காலையில் அப்பாஸைக் கூப்பிட்டார். இருவருமாகத் தார்ப்பாயை இழுத்து, வளைந்த தகரத்தைக் கடப்பாரையால் நெம்பி, முன்சக்கரத்தைக் கழற்றினார்கள். சக்கரத்தின் உள்பக்கம் முழுக்கக் கறுப்பாக அப்பியிருந்தது. பிரேக் ஆயிலும் தூசியும் சேர்ந்து இறுகிய சேறு. தட்டு நீலம் பாரித்து, நடுவிலிருந்து ஓரம்வரை பிளந்திருந்தது. சூடு தாங்காமல் உள்ளே ஆயிலை அடைத்து நிற்கும் ரப்பர் சீல் கருகிப் போயிருந்தது. அந்த வழியாகத்தான் ஆயில் முழுக்க வெளியேறியிருக்கிறது. மலை இறக்கத்தில் பெடல் தரைக்குப் போயிருக்கும். மிதித்து மிதித்துப் பார்த்திருப்பான். பிறகு ஹேண்ட் பிரேக்கை இழுத்திருப்பான்.

அப்பாஸ் கடப்பாரையைக் கீழே வைத்தான்.

இஞ்ஞாசி துணியால் தட்டைத் துடைத்தார். பழக்கத்தில் பெருவிரல் நகம் தானாகத் தட்டின் நடுவுக்குப் போனது. வெளியே இழுத்தார். நகம் எதிலும் முட்டாமல் ஓரத்தைத் தாண்டி வழுக்கிக்கொண்டு வெளியே வந்தது. வரப்பே இல்லை. தட்டு தேயவில்லை, வேறு ஏதோ கோளாறு என்று ஒரு மூச்சு நேரம் நெஞ்சு லேசானது.

தட்டை வெளிச்சத்துக்குத் திருப்பினார். ஓரத்தில் சாய்வாக, நெருக்கமாக, கோடுகள் ஓடின. அரம் போட்ட கோடுகள். அந்தச் சாய்வை அவருக்குத் தெரியும். அவருடைய கையின் சாய்வு அது.

தை மாதம் பழனிக்கு ஆட்கள் போய்க்கொண்டிருந்த சமயம், புது பேட் போட்டுக் கொடுத்திருந்தார். மிதித்தால் கீச்சென்று கத்துகிறது என்று ரொனால்டு அன்று சாயங்காலமே திரும்பி வந்தான். "பின்சீட்டுல ஒரு பெரியம்மா, முருகா முருகான்னு காதப் பொத்திக்கிட்டே வருதுப்பா. சாமி பேரா, பிரேக்கத் திட்டுதான்னு தெரியல." புது பேட் பழைய வரப்பில் உரசினால் கத்தும். எல்லாப் பட்டறையிலும் செய்வதுதான், அரத்தை எடுத்து வரப்பைத் தேய்த்துச் சமமாக்கிவிட்டார். சத்தம் நின்றது. அதற்குப்பிறகு ரொனால்டு வளைவுகளில் அந்தப் பிரேக்கை மிதித்துக்கொண்டே மலை ஏறி இறங்கினான்.

சித்திரையில் அவன் மறுபடி வந்தான். இறக்கத்தில் மிதித்தால் ஸ்டியரிங் உதறுகிறது என்றான். சக்கரத்தைக் கழற்றினார், நகத்தை வைத்து இழுத்தார், முட்டவில்லை. "தட்டு புதுசு கணக்கா இருக்குலே. டயர்ல காத்தப் பாரு, ஓட்டு" என்றார். நகம் பார்க்க வேண்டிய இடத்தைத் தன் கையாலேயே தேய்த்து அழித்திருந்ததை அவர் நினைக்கவில்லை. அந்த ஒரு நிமிஷம் ஏன் நினைவுக்கு வரவில்லை என்று அதன்பின் எத்தனை தரம் கேட்டுக்கொண்டாலும் பதில் வரப்போவதில்லை.

மேஜைக்குப் போய் வெர்னியரை எடுத்து வந்தார். உறையைப் பல்லால் கிழித்தார். தட்டு இதற்குக் கீழே போகக்கூடாது என்கிற அளவு தட்டிலேயே சிறிய எழுத்தில் வெட்டப்பட்டிருக்கும். துருவைச் சுரண்டி அதைப் படித்தார். வெர்னியரைப் படித்தார். தட்டு அந்த அளவுக்கும் கீழே மெலிந்திருந்தது; மெலிந்த தட்டு இறக்கத்தில் சூடு தாங்காது. இரண்டாவது முறை அளக்கவில்லை.

"எல்லாரும்தாண்ணே வரப்பத் தேய்க்கிறோம்" என்றான் அப்பாஸ்.

"தேய்ச்சா அப்புறம் அளக்கணும் அப்பாஸ். அதுக்குத்தான் அவன் இத வாங்கிக் குடுத்தான்."

அப்பாஸ் கிட்டே வந்தான். பிறகு குரலைத் தாழ்த்தினான். "அந்தப் புள்ளகிட்ட ஆயில் பைப்புல கல் அடிச்சிருச்சுன்னு சொல்லிருங்கண்ணே. அது பொழைச்சுக்கும். நீங்களும்."

அந்தப் பொய் நல்ல பொய்தான். மத்தியானம் வரைக்கும் இஞ்ஞாசி அதை வாய்க்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டிருந்தார். அன்புக்கரசி வந்தபோது தார்ப்பாய் மடித்துக் கிடந்தது. அவள் சட்டியோடு வாசலிலேயே நின்றுவிட்டாள்.

"பிரேக்குதாம்மா" என்றார். "ஆயில் அம்புட்டும் வெளிய போயிருச்சு. பெடல் வேல செஞ்சிருக்காது. ஹேண்ட் பிரேக்க முழுசா இழுத்திருக்கான். ஒரு கை அதுல, ஒரு கை ஸ்டியரிங்ல. போன் அடிச்சதே அவனுக்குக் கேட்டிருக்காது."

"நான் கூப்பிட்டதால இல்லையா மாமா?"

"இல்லம்மா."

"நெசமாவா?"

"நெசமாத்தான்."

அவள் தரையில் உட்கார்ந்துவிட்டாள். சத்தமில்லாமல் ஆரம்பித்த அழுகை, இத்தனை மாதமும் வராதது, வயிற்றிலிருந்து வந்தது. பிறகு தவழ்ந்து வந்து, கிரீஸும் கரியுமாக இருந்த அவருடைய வலது கையை இரண்டு கையாலும் பிடித்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். "நீங்க நல்லா இருக்கணும் மாமா" என்றாள்.

அந்தக் கையை இழுத்துக்கொள்ள முடிந்திருந்தால், பைப்பில் கல் அடித்தது என்ற பொய்யைச் சொல்லியிருப்பார். இழுக்க முடியவில்லை. அவளுடைய கண்ணீர் பெருவிரல் நகத்தில் பட்டது.

"அது நான் பாத்த பிரேக்கும்மா" என்றார். "தட்டு தேஞ்சு போயிருந்துச்சு. சித்திரையில கொண்டாந்து காட்டுனான். நல்லா இருக்கு, ஓட்டுன்னு சொல்லி அனுப்புனேன்."

அவள் முதலில் விளங்காதவள் போல நிமிர்ந்து பார்த்தாள். கை உடனே விலகவில்லை. ஒவ்வொரு விரலாகத் தளர்ந்தது. எழுந்து, முந்தானையால் முகத்தைத் துடைத்து, சட்டியை மேஜையில் வைத்தாள். போகும்போது வண்டியைப் பார்க்கவில்லை. அவரையும் பார்க்கவில்லை.

அடுத்த நாளிலிருந்து சட்டியை அப்பாஸ் கொண்டுவந்து கொடுத்தான். உள்ளே எல்லாம் வழக்கம்போல இருந்தது. உப்பு, காரம் எதிலும் குறையில்லை. வீட்டில் அவர் வரும் சத்தம் கேட்டால் அவள் பிள்ளையோடு உள்ளறைக்குப் போய்விடுவாள். அந்த வாரமே அவள் அண்ணன் வந்து மூட்டைகளைக் கட்டினான். திருநாள் முடிந்ததும் கிளம்புகிறார்கள் என்று பிள்ளைதான் சொன்னது.

கல்லறைத் திருநாளன்று கல்லறைத் தோட்டம் முழுக்கச் செவ்வந்தி மணமும் மெழுகுப் புகையுமாக இருந்தது. இஞ்ஞாசி கையில் ஒரு மெழுகுவத்தியோடு தள்ளி நின்றார். அன்புக்கரசி ரொனால்டின் கல்லறையின் முன்னால் மண்டியிட்டு ஏதோ பேசிக்கொண்டிருந்தாள். உதடுகள் வேகமாக அசைந்தன. சொல்வதற்கு அவளுக்கு இப்போது பேச்சு இருந்தது. அதைப் பார்க்கும்போது, தான் கொடுத்ததில் ஒன்றாவது போய்ச் சேர்ந்தது என்று அவருக்குப் பட்டது. அதில் ஆறுதல் ஒன்றும் இல்லை.

அவள் எழுந்து பிள்ளையைக் கையில் பிடித்துக்கொண்டு அவரைக் கடந்து போனாள். இரண்டடி போனவள் நின்றாள். திரும்பாமலே கேட்டாள்.

"பெடல் தரைக்குப் போனப்ப அவருக்குத் தெரிஞ்சிருக்கும்ல?"

"என்னம்மா?"

"நீங்க பாத்த பிரேக்குன்னு."

பக்கத்துக் கல்லறையில் யாரோ ஜெபமாலை சொல்லிக்கொண்டிருந்தார்கள். இஞ்ஞாசி அந்தப் பக்கம் பார்த்தார்.

"தெரிஞ்சிருக்கும்" என்றார்.

அவள் தலையை ஆட்டினாள். பிள்ளையை இழுத்துக்கொண்டு வாசலைப் பார்த்து நடந்தாள். மாமா என்று கூப்பிடவில்லை என்பது சற்று நேரம் கழித்துத்தான் அவருக்கு உறைத்தது.

அவர் கல்லறைக்குப் பக்கத்தில் போனார். அவள் ஏற்றிய மெழுகுவத்திகள் நின்று எரிந்தன. அவற்றில் ஒன்றிலிருந்து தன்னுடையதைப் பற்றவைக்கக் குனிந்தவர், குனிந்தபடியே கொஞ்ச நேரம் இருந்தார். பிறகு அதை ஏற்றாமல் பூவுக்குக் கீழே செருகிவிட்டு எழுந்தார்.