மழையால் எடுக்காமல் விட்ட சிரிப்பு

பூரணி அம்மா போன செய்தி வந்தபோது நான் உப்பளத்தில் நின்றிருந்தேன். சென்னையிலிருந்து அவருடைய அண்ணன் மகள் போன் செய்தது. "அத்தை போயிட்டாங்க, அஞ்சலக்கா."

"யாராச்சும் வாட்ஸப்புல அனுப்புனதா? நீ கண்ணால பார்த்தியா?" என்று கேட்டுவிட்டேன்.

"என் மடியிலதாங்க்கா" என்று அந்தப் பெண் அழுதது.

முன்பும் இப்படிப் பொய்ச் செய்தி வந்து நான் பதறியிருக்கிறேன். இதுவும் பொய்யாகிவிடாதா என்ற நப்பாசைதான்.

இந்த இரங்கல் கூட்டத்துக்கு வந்திருக்கும் நீங்கள் அவரோடு நடித்தவர்கள். அவர் நடிப்பைப் பற்றி நான் சொல்லி உங்களுக்குத் தெரிய வேண்டியதில்லை. கறுப்பு வெள்ளைப் படத்தில் கதாநாயகியின் தோழியாக வந்தார். முப்பது வயதுக்குள், தன்னைவிட மூத்த கதாநாயகனுக்கே அம்மாவாகிவிட்டார். பிறகு விதவை, நர்ஸ், பக்கத்து வீட்டுக்காரி. சீரியல் வந்ததும் மாமியார். ஒருமுறை பாண்டி பஸ்ஸில் ஒரு பெண், "மருமவளுக்கு விஷம் வெச்சவதானே நீ?" என்று சண்டைக்கே வந்தாள். அம்மா கை கூப்பி, "வெச்சேன் தாயி. அவ குடிக்கலையே, நான் என்ன பண்றது?" என்றார். பஸ்ஸே சிரித்தது. "பேரு தெரிஞ்சவங்களுக்குப் போஸ்டர், மூஞ்சி தெரிஞ்சவங்களுக்குச் சோறு" என்று அடிக்கடி சொல்வார்.

நான் அவரை முதலில் பார்த்தது எங்கள் மரக்காணம் உப்பளத்தில், பிணமாக. சீரியலுக்காக அவரை வரப்பில் கிடத்தியிருந்தார்கள். சுற்றி உட்கார்ந்து அழ எங்களைக் கூப்பிட்டிருந்தார்கள். நன்றாகத்தான் அழுதோம். திடீரென்று தெற்கே கறுத்து, தூறல் விழுந்தது. வாரிக் குவித்த உப்பெல்லாம் வெட்டவெளியில் கிடந்தது. "ஏய், உப்புடீ!" என்று ஒருத்தி கத்தினாள். பிணத்தை அப்படியே போட்டுவிட்டு எல்லோரும் தார்ப்பாயைத் தூக்கிக்கொண்டு ஓடினோம்.

திரும்பி வந்தபோது அம்மா மழையில் நின்று டைரக்டரிடம் கெஞ்சிக்கொண்டிருந்தார். பிணமாக நடித்தவர் எழுந்ததும் கேமராவைப் பார்த்துச் சிரித்துவிட வேண்டும். அப்போதுதான் அந்தச் சாவு கழியும். சினிமாக்காரர்களான உங்களுக்குத் தெரிந்த வழக்கம்தான், எனக்கு அன்றுதான் தெரிந்தது.

"ஒரே ஒரு சிரிப்புப்பா. எடுத்துடு."

"கேமராவுல தண்ணி பூந்துடும்மா. நாளைக்குப் பார்த்துக்கலாம்."

"நாளைக்கு எனக்கு ஏதுப்பா ஷூட்டிங்? நான்தான் செத்துட்டேனே."

கேமராவை வண்டியில் ஏற்றிவிட்டார்கள். மாற்றுப் புடவை தருகிறேன் என்று அவரை என் வீட்டுக்கு அழைத்து வந்தேன். கையில் கொடுத்த டீ ஆறிப்போனது. "யார்கிட்டயும் சொல்லாதடி. அடுத்த வாரம் பாண்டியில எனக்கு நெஞ்சுல ஆபரேஷன். கம்பெனிக்குத் தெரிஞ்சா அடுத்த சீரியல்ல கூப்பிட மாட்டான். இந்த நேரம் பார்த்து இது கழியாம போச்சே" என்றார். அவரைக் கூட்டிப்போகக் கம்பெனி கார் வாசலில் வந்து நின்றது. அவர் எழுந்திருக்கவே இல்லை. "பொணத்த விட்டுட்டு ஓடுன ஊரு உங்க ஊருதான்டி" என்று திட்டினார். அப்போதும் முகத்தில் சிரிப்பில்லை.

அவருடைய பயம் என்னையும் பிடித்துக்கொண்டது. யாரோ எவரோ என்று விட முடியவில்லை. ஆபரேஷன் அன்று விடிந்ததும் பஸ் ஏறினேன். பாண்டி ஆஸ்பத்திரியில் அவரைத் தள்ளுவண்டியில் படுக்க வைத்துக் கொண்டுபோனார்கள். பக்கத்தில் அண்ணன் மகள் அழுதுகொண்டே வந்தது. என்னைக் கண்டதும் அம்மா கையைத் தூக்கி வண்டியை நிறுத்தச் சொன்னார்.

"அஞ்சல, ஆடாம நில்லு. என்னையே பாரு."

நின்றேன். என் கண்ணைப் பார்த்துச் சிரித்தார். "நல்லா பார்த்துக்கிட்டியா?" என்று கேட்டார். தலையாட்டினேன்.

"உள்ள போறப்ப எல்லாரும் அழுவாங்க, இந்தம்மா சிரிக்குது" என்றார் நர்ஸ்.

கதவு மூடியது. அது திறக்கும் வரை நான் கண்ணைச் சிமிட்டக்கூடப் பயந்தேன். பிழைத்து வந்தார். அதற்குப் பிறகு பாண்டிக்குப் பக்கத்தில் பொம்மையார்பாளையத்தில் வீடு பார்த்துக்கொண்டு வருஷக் கணக்கில் எங்கள் பக்கமே வாழ்ந்தார். மழைக்காலத்தில் உப்பள வேலை இருக்காது. அவர் வீட்டில்தான் கிடப்பேன். கடைசியில் உடம்புக்கு முடியாமல் போனதும் அண்ணன் மகள் சென்னைக்குக் கூட்டிப் போனது.

இப்போது டிவியில் அவர் அழுத காட்சிகளையே திருப்பித் திருப்பிப் போடுகிறார்கள். அந்தச் சிரிப்பு எதிலும் பதிவாகவில்லை. என்னிடம் மட்டும்தான் இருக்கிறது. எனக்கும் வயதாகிறது, நேற்று வைத்த பொருளை இன்று தேடுகிறேன். அதனால் உங்களிடமும் கொடுத்து வைக்கிறேன். சத்தமே வராது. முதலில் கண் இரண்டும் சுருங்கும். பிறகுதான் உதடு பிரியும், இடது பக்கம் கொஞ்சம் அதிகமாக. மேல்வரிசையில் ஒரு பல் இருக்காது. அதை நாக்கால் மறைக்கப் பார்ப்பார், முடியாது.